ஒன்பதாம் நீலம்

வாரத்தின் ஆறாம் நாள் மாலை நான்கு மணிக்குச் சாயப்பட்டறையில் வேலை நின்றுவிடும். நின்றுவிடும் என்றால் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்துவிடுவார்கள் என்று அர்த்தமில்லை. அதற்கப்புறம்தான் கழுவுகிற வேலை ஆரம்பிக்கும். எட்டுச் சாயத்தொட்டிகளையும் காலிசெய்து, விளிம்பெல்லாம் தேய்த்து, தரைக்குத் தண்ணீர் அடித்து, துடைப்பங்களைக்கூடக் கழுவித் தலைகீழாக நிறுத்திய பிறகுதான் ஆட்கள் குளிக்கப் போவார்கள். மறுநாள் வழிபாட்டு நாள். பட்டறையில் ஒரு பொட்டு அழுக்கை விட்டுவைத்துவிட்டுக் கடவுள் முன்னால் போய் உட்காரக் கூடாது என்பது மேஸ்திரி போட்ட சட்டம். இருபது வருடமாக அது மாறியதில்லை.

மேஸ்திரிக்குக் கண்ணளவு என்று பட்டப்பெயர். மற்ற பட்டறைகளில் தராசும் அளவுக் குவளையும் வைத்துக்கொண்டு சாயம் கலப்பார்கள். இவர் ஈர நூலைக் கட்டைவிரலில் சுற்றிப் பிழிந்து, ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து, "இன்னும் ஒரு சிட்டிகை பச்சை" என்பார். போட்டால் சரியாக இருக்கும். அந்தக் கண்ணை அவருக்குக் கடவுள் கொடுத்தார் என்று அவர் மனதார நம்பினார். அதனால்தான் பக்தியும் அதிகம்.

கழுவிய தண்ணீர் எங்கே போகும்? பட்டறைக்குப் பின்னால் பெரிய தொட்டி ஒன்று உண்டு. தினமும் வெளியேறும் சாயத்தண்ணீர் அதில் விழுந்து, மூன்று நாள் நின்று, கசடு அடியில் தங்கி, மேல்தண்ணீர் மணற்படுகை வழியாக வடிந்து ஓடைக்குப் போகவேண்டும். இரண்டே சாயத்தொட்டிகள் இருந்த காலத்தில் கட்டியது அது. இப்போது எட்டு. ஐந்து நாள் தண்ணீரிலேயே அது கழுத்துவரை நிரம்பிவிடும். ஆறாம் நாள் கழுவுகிற தண்ணீருக்கு இடமிருக்காது. மேஸ்திரி பக்கவாட்டு மதகின் சக்கரத்தைத் தானே திருகித் திறப்பார். நீலமும் சிவப்பும் மஞ்சளும் ஒன்றாகச் சுழித்துக்கொண்டு நேரே ஓடையில் போய் விழும்.

"வாரத்துக்கு ஒரு தடவைதானே. ஓடற தண்ணி எல்லாத்தையும் கொண்டுபோயிடும்," என்பார். பிறகு கைகால் கழுவிக்கொண்டு, கண்மூடி, இந்த வாரத்து அழுக்கெல்லாம் தொலைந்தது என்று நன்றி சொல்லிவிட்டு வீட்டுக்குப் போவார்.

அன்றைக்கும் அப்படித்தான் போனார்.

*

மறுநாள் காலை வழிபாட்டுக் கூடத்து வாசலில் சலசலப்பாக இருந்தது. உள்ளே முன்பக்கம் பன்னிரண்டு வரிசைக்கு வெள்ளை விரிப்புகள் போட்டிருக்கும். அதற்குப் பின்னால் வெறுந்தரை. ஓடையின் கீழ்க்கரையில் இருப்பவர்கள் அந்த வெறுந்தரையில் உட்காருவார்கள். யாரும் சட்டம் போடவில்லை. அப்படியே வந்த பழக்கம், அப்படியே இருந்தது.

அன்று அந்த விரிப்புகளில் வெள்ளையைக் காணவில்லை. ஒவ்வொன்றிலும் மங்கலான நீலம், சிலவற்றில் திட்டுத்திட்டாக.

"சாமி கும்பிட வந்தமா, கடல்ல மிதக்க வந்தமா?" என்றார் மளிகைக் கடைக்காரர். இரண்டு பேர் சிரித்தார்கள்.

"சிரிக்கிற விஷயமா அண்ணே இது? கூடத்துத் துணியோட கண்டவங்க துணியையும் சேத்து ஊறப்போட்டிருக்கா. இல்லேன்னா இப்படிச் சாயம் ஏறுமா?" என்றாள் முன்வரிசைப் பெண் ஒருத்தி.

விரிப்புகளை வெளுப்பவள் கீழ்க்கரைச் சலவைக்காரி. புருஷன் போன பிறகு இரண்டு பெண்பிள்ளைகளை அந்த ஒரு வேலையை நம்பித்தான் வளர்த்தாள். கூடத்துத் துணி வெளுக்கிறவள் என்பதால்தான் நாலு வீட்டுக்காரர்கள் நம்பித் துணி போட்டார்கள். அவளைக் கூப்பிட்டு நடுவில் நிறுத்தினார்கள்.

கூடத்துக்குத் தலைவர் வேறு யாருமல்ல, சாயப்பட்டறை முதலாளிதான். அதிர்ந்து பேசாத மனிதர். "என்னம்மா ஆச்சு?" என்று மெதுவாகத்தான் கேட்டார்.

"தெரியலீங்க. கூடத்துத் துணிக்குன்னு தனிக் கல்லு வெச்சிருக்கேன். அதுல என் பிள்ளைங்க துணியைக்கூடப் போட்டதில்ல. மூணு தடவை அலசினேன். போகல."

"அப்ப நீலம் தானா வந்து ஒட்டிக்கிச்சா?" என்றார் கடைக்காரர்.

அவள் கைகளை முந்தானைக்குள் மறைத்துக்கொண்டாள்.

"ஒரு வாரம் பாப்போம்," என்றார் முதலாளி. "அடுத்த தடவையும் இப்படி வந்தா, மிஷின் சலவைக்குக் குடுத்துடறதைத் தவிர வழியில்ல. மனசுல எதுவும் வெச்சுக்காதம்மா."

மேஸ்திரி முன்வரிசையில், தன் வழக்கமான இடத்தில் உட்கார்ந்தார். விரிப்பின் ஓரத்தை விரலால் பிடித்து, ஜன்னல் பக்கம் லேசாகத் திருப்பினார். பழக்கதோஷம். மறுகணம் கை அப்படியே நின்றுவிட்டது.

அந்த நீலம் எந்தக் கடையிலும் கிடைக்காது. ஆஸ்பத்திரிப் பணிப்பெண்களின் உடுப்புக்காக வந்த பெரிய வேலைக்கு அவரே கலந்தது. எட்டு முறை கலந்து சரியில்லை என்று கொட்டி, ஒன்பதாம் முறை ஒரு சொட்டுப் பச்சையும், பளபளப்பை அடக்க அரைச் சொட்டுச் சிவப்பும் விட்டுக் கொண்டுவந்தார். பட்டறையில் அதற்கு ஒன்பதாம் நீலம் என்றே பெயர். பெற்ற பிள்ளையின் முகத்தை மறந்தாலும் மறக்கலாம், அந்த நிறத்தை அவர் மறக்கமாட்டார்.

சுற்றிலும் எல்லோரும் வேண்டுதலைச் சொல்லிக்கொண்டிருந்தார்கள். மேஸ்திரியின் உதடும் அசைந்தது. சத்தம் வரவில்லை.

*

மதியம் தட்டில் போட்டதை அளைந்துகொண்டே இருந்தார்.

"உப்புக் கூடிப்போச்சா?" என்று கேட்டாள் மனைவி.

"இல்ல."

"அப்ப காரமா?"

"ஒண்ணுமில்ல, விடு."

"முப்பது வருஷமாக் குடும்பம் நடத்தறேன். ஒண்ணுமில்லன்னு நீங்க சொன்னா ஏதோ இருக்குன்னு தெரியாதா? சொல்லுங்க."

சொன்னார். அவள் தட்டை நகர்த்திவைத்துவிட்டுக் கேட்டாள்.

"கண்ணு தப்பாப் பாத்திருக்கலாமேங்க."

"என் கண்ணு தப்பாப் பாக்காது."

"அப்ப வாய்தான் தப்புப் பண்ணியிருக்கு," என்று சொல்லிவிட்டு அவள் பாத்திரம் கழுவப் போய்விட்டாள்.

அந்த ஒரு சொல் மேஸ்திரியை இரண்டு நாள் முள்ளாய்க் குத்தியது. மூன்றாம் நாள் சாப்பாட்டு நேரத்தில், யாரிடமும் சொல்லாமல் ஓடைக்கரையோடு நடந்தார். பட்டறையிலிருந்து கீழ்க்கரைக்கு அரைமணி நடைதான். இருபது வருடத்தில் ஒருமுறைகூட அவர் அந்தப் பக்கம் போனதில்லை. போகவேண்டிய வேலை வரவில்லை என்று நினைத்துக்கொண்டிருந்தார்.

மேலே, பட்டறைக்கு முன்னால், கரையெல்லாம் நாணல் ஆளுயரம் நின்றது. மதகைத் தாண்டியதும் அது முழங்கால் அளவுக்குக் குட்டையானது. கீழ்க்கரையில் வெறும் கருகிய தட்டைகள். தவளைச் சத்தம் இல்லை. கால் வைத்தால் சிதறி ஓடும் சின்ன மீன்களும் இல்லை. கோடையில் ஓடை இளைத்துப்போய், கல்லுக்கும் கல்லுக்கும் நடுவில் சோம்பலாக நகர்ந்துகொண்டிருந்தது. கற்களின் மேல், தண்ணீர் ஏறி இறங்கிய இடங்களில், மோதிரம் போட்டமாதிரி வளையம் வளையமாகச் சாயம் படிந்திருந்தது. மேஸ்திரி ஒவ்வொரு வளையமாகப் பார்த்தார். இது போன மழைக்கு முன்னால் திரைச்சீலைக்குப் போட்ட பச்சை. இது பள்ளிக்கூட உடுப்புக்குப் போட்ட சிவப்பு. மேலாக, புதிதாக, ஒன்பதாம் நீலம். இருபது வருடத்து உழைப்பும் அங்கே கல்லில் எழுதியிருந்தது.

சலவைக்காரி கல்லில் குனிந்து நின்றாள். அவரைப் பார்த்ததும் பதறிப்போய் முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டாள்.

"மேஸ்திரி ஐயாவா? என்னங்க இந்தப் பக்கம்? கூடத்துல ஏதாவது சொல்லிவிட்டாங்களா?"

"இல்லம்மா. சும்மாதான் வந்தேன். துணியை எப்ப வெளுப்பே?"

"ஆறாம் நாள் சாயங்காலம்ங்க. மறுநாள் வழிபாட்டுக்குப் புதுசா வெளுத்ததா இருக்கணும்னு கூடத்துல சட்டமாச்சே. அஞ்சாம் நாளே வெளுத்து வெக்கறேன்னு கேட்டுப் பாத்தேன். ஒத்துக்கல. அன்னைக்குப் பாத்துத்தான் தண்ணி ஒரு தினுசா வருது. மத்த நாள் பரவால்ல. முன்னெல்லாம் கறை அலசினாப் போயிடும், இந்தக் கோடையில தண்ணி கொறஞ்சதும் போகமாட்டேங்குது."

மேஸ்திரி தரையைப் பார்த்தார். தன் சட்டமும் கூடத்துச் சட்டமும் ஒரே மாலையில் இந்த ஒருத்தியின் கையில் வந்து முட்டிக்கொண்டிருப்பது அவருக்கு அப்போதுதான் விளங்கியது.

"கையைக் காட்டு."

"வேண்டாங்க."

"காட்டும்மா."

காட்டினாள். விரல் இடுக்கெல்லாம் வெடித்து, தோல் சுருண்டு, நகக்கண்ணில் நீலம் ஏறியிருந்தது. பட்டறையில் நாள் முழுக்கச் சாயத்தில் நிற்கிற ஆளுக்குக்கூட அப்படிக் கிடையாது. அவனுக்கு ரப்பர் உறை உண்டு.

"ரெண்டு வருஷமா இருக்குங்க. எண்ணெய் தடவிக்குவேன். பெரியவளுக்கும் வந்துடுச்சு, அவளும் கிணத்துத் தண்ணியில சாமான் தேய்க்கறாளே. கிணறும் ஓடையை ஒட்டித்தானே இருக்கு." அவள் கைகளை மறுபடி மறைத்துக்கொண்டாள். "தண்ணியில இறங்கறதுக்கு முன்னாடி ஒரு நிமிஷம் கும்பிட்டுத்தான் கையை வெக்கறேன். அப்பவும் எரியுது. நான் என்ன பாவம் பண்ணினேனோ."

மேஸ்திரி எதையாவது சொல்லவேண்டும் என்று பார்த்தார். பாழாய்ப்போன பழைய வார்த்தைதான் வாயில் வந்தது.

"ஓடற தண்ணிம்மா. எல்லாத்தையும் கொண்டுபோயிடும்."

"கொண்டுபோகுங்க," என்றாள் அவள். குரலில் குற்றச்சாட்டு எதுவும் இல்லை. "கொண்டுபோய் எங்க வெக்கும்னு மேல இருக்கறவங்க பாத்ததில்ல. இங்கதான் வெக்குது."

அவர் திரும்பி நடந்தார். உண்மையைச் சொல்ல அன்றும் வாய் வரவில்லை.

*

ஆறாம் நாள் நான்கு மணி. தொட்டிகளைக் கவிழ்க்க ஆட்கள் தயாராக நின்றார்கள். மேஸ்திரி மதகுச் சக்கரத்தின்மேல் கை வைத்தபடி நின்றார். வேலைக்கு நடுவே எப்போதும் பாடிக்கொண்டிருக்கும் ஆள் ஒருவன், பாட்டுக்காரன் என்றுதான் அவனைக் கூப்பிடுவார்கள், பாட்டை நிறுத்திவிட்டுக் கத்தினான்.

"மேஸ்திரி, சக்கரத்துக்கு ஆசீர்வாதமா? திருகுங்க, குளிச்சிட்டுக் கிளம்பலாம்."

"இன்னைக்குக் கழுவ வேண்டாம்."

"என்னது?"

"தொட்டியில இருக்கறது அப்படியே இருக்கட்டும். மூடி போட்டு மூடுங்க."

ஆட்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். "அழுக்கோடவா நாளைக்குக் கும்பிடப் போறது? நீங்க போட்ட சட்டம்தானே?" என்று கேட்டான் பாட்டுக்காரன். இந்தமுறை அவன் கேலி செய்யவில்லை.

"நான் போட்டதுதான். நானே எடுத்துட்டேன்."

விஷயம் கேள்விப்பட்டு முதலாளி வந்தார். மேஸ்திரி எல்லாவற்றையும் சொன்னார், கல்லில் கண்ட வளையங்கள்வரை. முதலாளி ஒரு தொட்டியின் மூடியை நகர்த்தி உள்ளே பார்த்தார்.

"பின்பக்கம் ரெண்டாவது தொட்டி கட்டணும்னு எனக்கும் தெரியும் மேஸ்திரி. வருஷா வருஷம் நினைப்பேன். கூடத்துக்குப் புதுக் கூரை, விளக்குன்னு ஒவ்வொண்ணா வந்துடும். அதெல்லாம் சாமி காரியமாச்சே, தள்ள முடியல." மூடியைத் திரும்பப் போட்டுவிட்டு, "பாத்துக்கலாம். ஆனா நாளைக்குக் கூடத்துல இதைப் பேசாதீங்க. தொழிலை வாசல்லயே விட்டுட்டுத்தான் உள்ள வரணும்," என்றார்.

மேஸ்திரி தலையாட்டினார். நாளைக்குத் துணி வெள்ளையாக வந்துவிடும், அவள் பிழைப்புத் தப்பிவிடும், யார் மானமும் போகாது என்று கணக்குப் போட்டார். பாம்பும் சாகாமல் கோலும் நோகாமல் முடிந்துவிடும் என்று அவருக்கு நிம்மதியாகக்கூட இருந்தது.

*

மறுநாள் விரிப்புகள் பாலாக வெளுத்திருந்தன. ஜன்னல் வெளிச்சம் பட்டுக் கண் கூசியது. சலவைக்காரி கதவோரம் நின்று, தானே நம்பமுடியாமல் அவற்றைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பாத்தீங்களா?" என்றார் கடைக்காரர். "கண்டிச்சதும் எப்படி வெளுத்துட்டா. அப்ப போன வாரம் வேணும்னேதான் ஏமாத்தியிருக்கா."

"அதானே. அடியாத மாடு படியாது," என்றாள் முன்வரிசைப் பெண். "இனிமே வாராவாரம் ஒருத்தர் நின்னு பரிசோதிக்கணும்."

முதலாளி குனிந்துகொண்டார். மேஸ்திரி நிமிர்ந்து கதவுப் பக்கம் பார்த்தார். சலவைக்காரியின் முகத்தில் இருந்த கொஞ்சநஞ்சச் சந்தோஷமும் வடிந்துபோயிருந்தது. துணி நீலமாக வந்தபோது அவள் கவனமில்லாதவள். வெள்ளையாக வந்தபோது அவள் ஏமாற்றுக்காரி. எப்படி வந்தாலும் பழி அவளுக்குத்தான்.

மேஸ்திரி எழுந்து நின்றார்.

"அவ ஏமாத்தல," என்றார். "போன வாரம் விரிப்புல இருந்த நீலம் நான் கலந்தது. எங்க பட்டறைச் சாயம். வாராவாரம் வழிபாட்டுக்கு முந்தின நாள், சுத்தமா வரணும்னு, தொட்டியெல்லாம் கழுவி ஓடையில விடறவன் நான். அந்தத் தண்ணியிலதான் அவ இந்தத் துணியை வெளுக்கறா. நேத்து நான் மதகைத் தொறக்கல. அதான் வெள்ளையா இருக்கு."

முன்வரிசைக்காரர்கள் தாங்கள் உட்கார்ந்திருந்த விரிப்பைக் குனிந்து பார்த்தார்கள்.

"போன வாரமே எனக்குத் தெரியும். முன்வரிசையில உக்காந்து, தெரிஞ்சே வாயை மூடிக்கிட்டிருந்தேன்."

"அட, விடுங்க மேஸ்திரி," என்றார் கடைக்காரர் சங்கடமாக. "தெரியாமச் செஞ்சதுதானே."

"தெரியாம இல்ல அண்ணே, பாக்காம. அரைமணி தூரம் நடந்து போய்ப் பாக்கல. பாத்திருந்தா அந்தக் கையைப் பாத்திருப்பேன். நாணல் செத்துக் கிடக்கறதைப் பாத்திருப்பேன். நாம உக்கார்ற இடம் வெள்ளையா இருக்கணும்னு வெளுக்கறவ கையில தோல் இல்ல. அவ உக்கார விரிப்பும் இல்ல."

முதலாளி மெதுவாக, "மேஸ்திரி, தொழிலை வாசல்ல விட்டுட்டு வரணும்னு சொன்னேனே," என்றார்.

"விட்டுட்டுத்தான் வந்தோம் முதலாளி. அது வாசல்லயே நிக்கல. கீழ்க்கரைக்குப் போயிடுச்சு."

முதலாளியின் முகம் சிவந்து, பிறகு வெளுத்தது. எழுந்து கதவுவரைக்கும் போய் அவள் முன்னால் நின்றார்.

"எங்களை மன்னிச்சுடும்மா."

அவள் ஒரு அடி பின்னால் போனாள். பெரியவர்கள் மன்னிப்புக் கேட்டு அவளுக்குப் பழக்கமில்லை. கடைசியில் சொன்னாள்.

"மன்னிப்பு எதுக்குங்க எனக்கு? தண்ணியை மட்டும் தண்ணியாக் குடுங்க. மீதியை நான் வெளுத்துக்கறேன்."

அன்று மேஸ்திரி முன்வரிசைக்குத் திரும்பிப் போகவில்லை. வெறுந்தரையில் உட்கார்ந்தார். அவர் மனைவி பெண்கள் பக்கத்திலிருந்து எழுந்து வந்து, தன் விரிப்பை எடுத்துச் சலவைக்காரியின் முன்னால் போட்டுவிட்டுத் தானும் தரையில் உட்கார்ந்தாள். இன்னும் நாலைந்து பேர் அப்படிச் செய்தார்கள். எல்லோரும் செய்தார்கள் என்று சொன்னால் அது பொய். கடைக்காரர் இருந்த இடத்திலேயே இருந்தார்.

மூன்றாம் நாள் பட்டறைக்குப் பின்னால் செங்கல் வந்து இறங்கியது. கூடத்துக்கு வாங்கவிருந்த புதுக் கதவுகள் இப்போதைக்கு வேண்டாம் என்று முதலாளி சொல்லிவிட்டார். இரண்டாவது தொட்டி கட்டி முடிகிறவரை வாரத்தில் இரண்டு நாள் சாயம் போடவில்லை. அந்த இரண்டு நாளும் ஆட்களுக்குக் கட்டட வேலை. முணுமுணுத்தவர்களும் உண்டு. ஓடையும் ஒரே வாரத்தில் திருந்திவிடவில்லை. சலவைக்காரியின் கை ஆற மாதக்கணக்காயிற்று, நகக்கண் நீலம் அதற்கப்புறமும் கொஞ்சம் இருந்தது. நாணல் மட்டும் அடுத்த மழைக்கு, கருகிய தட்டைகளுக்கு நடுவில், விரல் நீளத்துக்குப் பச்சையாக எட்டிப்பார்த்தது.

மேஸ்திரிக்கு ஒரு புதுப் பழக்கம் வந்தது. ஆறாம் நாள் மாலை, வேலை நின்றதும், ஒரு வெள்ளைத் துணித்துண்டை எடுத்துக்கொண்டு கீழ்க்கரைக்கு நடப்பார். அதை ஓடையில் முக்கி, பிழிந்து, வெளிச்சத்தில் பிடித்துப் பார்ப்பார். அது வெள்ளையாக இருந்தால்தான் குளிக்கப் போவார்.

ஒருநாள் பாட்டுக்காரன் வழிமறித்தான். "மேஸ்திரி, இப்பவே இருட்டப்போகுது. குளிச்சு, கும்பிட்டு, எல்லாம் எப்ப முடிக்கறது? அங்க என்னத்துக்கு வாராவாரம்?"

"கும்பிடத்தான் போறேன்."

"ஓடைக்கா?"

மேஸ்திரி துணித்துண்டைத் தோளில் போட்டுக்கொண்டார்.

"இருபது வருஷமா நான் சுத்தமாத்தான் இருந்தேன்ப்பா. என் அழுக்கையெல்லாம் இன்னொருத்தி கையில கொண்டுபோய்க் கொட்டிட்டு, நான் சுத்தம்னு நினைச்சுக்கிட்டிருந்தேன். கடவுள் குடுத்த தண்ணியைக் கெடுத்துட்டு, அந்தத் தண்ணியை நம்பிப் பிழைக்கறவங்களை அழவெச்சுட்டு, கண்ணை மூடிக் கும்பிடற கும்பிடு அவருகிட்டப் போய்ச் சேராது. முதல்ல கண்ணைத் தொறந்து பாக்கணும். அப்புறமா மூடிக்கலாம்."

பாட்டுக்காரன் செருப்பை மாட்டிக்கொண்டு அவர் பின்னால் நடந்தான்.